வாசகர் கேள்வி – பதில்: கர்னல் மிட்செல் செய்த குற்றம் என்ன?

(அமெரிக்கத் தரைப்படையின் விமானப் பிரிவைச் சேர்ந்த கர்னல் வில்லியம் 'பில்லி' மிட்செல், மேலிடத்தின் பழைய பாதுகாப்புக் கொள்கையைப் பத்திரிகைகளில் வெளிப்படையாகச் சாடியதற்காக 1925-ல் கோர்ட் மார்ஷலில் (ராணுவ நீதிமன்றத்தில்) நிறுத்தப்பட்டார். அந்த வழக்கு பற்றி வந்த கேள்விகளுக்கு இந்த இதழில் பதில்.)

மிட்செல் யார்? சாதாரண அதிகாரி ஒருவர் பேசியதற்கா இத்தனை ஆர்ப்பாட்டம்?
– கோவை வாசகர்

சாதாரண அதிகாரி இல்லை. தாத்தா வங்கி நடத்தியவர், தந்தை விஸ்கான்சின் மாநிலத்தின் செனட்டர். மிட்செல் 1898-ல், 18 வயதில், ஸ்பெயினுடன் நடந்த போருக்காகச் சிப்பாயாகச் சேர்ந்தார். தந்திப் பிரிவில் உயர்ந்தார், அலாஸ்காவில் தந்திக் கம்பி இழுத்தார். 1916-ல் 36 வயது. படையின் கணக்கில் விமானம் ஓட்டக் கற்க அது தாண்டிய வயது. எனவே சொந்தப் பணம் கட்டி வர்ஜீனியாவில் ஒரு தனியார் பள்ளியில் கற்றுக்கொண்டார். இரண்டே ஆண்டுகளில், 1918 செப்டம்பரில், பிரான்சின் சான் மியெல் போர்முனையில் ஏறத்தாழ 1,500 நேச நாட்டு விமானங்களுக்கு அவர்தான் தளபதி. அதுவரை உலகம் ஒரே களத்தில் அத்தனை விமானங்களைப் பார்த்ததில்லை.

போர் முடிந்து திரும்பியவர் விமானப் பிரிவின் துணைத் தலைவரானார், தற்காலிக பிரிகேடியர் ஜெனரல் பதவியுடன். 'விமானப் படை தரைப்படைக்கும் கடற்படைக்கும் எடுபிடியாக இருக்கக் கூடாது. தனிப் படையாக வேண்டும்' என்று நாடாளுமன்றக் குழுக்கள் முன்பும் பத்திரிகைகளிலும் சொல்லிக்கொண்டே இருந்தார். 1925 வசந்தத்தில் பதவிக்காலம் முடிந்தபோது நீட்டிப்பு தரவில்லை. நிரந்தரப் பதவியான கர்னலுக்கு இறங்கி, டெக்சாஸின் சான் அன்டோனியோவுக்கு அனுப்பப்பட்டார். அது மாற்றல் உத்தரவுதான், தண்டனை என்று எந்தக் காகிதத்திலும் எழுதப்படவில்லை. அதன் பொருள் யாருக்கும் புரியாமலும் இல்லை.

வழக்குக்குக் காரணமான அறிக்கையில் அப்படி என்ன இருந்தது?
– சேலம் வாசகர்

1925 செப்டம்பர் முதல் வாரத்தில் கடற்படைக்கு அடுத்தடுத்து இரண்டு விபத்துகள். கலிபோர்னியாவிலிருந்து ஹவாய்க்கு நிற்காமல் பறக்க முயன்ற பிஎன்-9 என்ற கடல்விமானம் ஐந்து பேருடன் காணாமல் போனது. செப்டம்பர் 3-ஆம் தேதி விடியும் முன், ஷெனன்டோவா என்ற, ஹீலியம் வாயு நிரப்பிய 207 மீட்டர் நீள வான்கப்பல் ஒஹையோ மாநிலத்தின் மேல் புயலில் சிக்கி உடைந்து, தளபதி லான்ஸ்டவுன் உட்பட 14 பேர் இறந்தனர்.

5-ஆம் தேதி மிட்செல் நிருபர்களைக் கூப்பிட்டுப் பல பக்கத் தட்டச்சு அறிக்கை ஒன்றைக் கையில் கொடுத்தார். போர்த்துறையும் கடற்படைத்துறையும் தேசப் பாதுகாப்பை நடத்தும் விதத்தில் உள்ள திறமையின்மை, குற்றத்துக்குரிய அலட்சியம், ஏறக்குறைய தேசத்துரோகம் என்றே சொல்லத்தக்க நிர்வாகம் ஆகியவற்றின் நேரடி விளைவே இந்த விபத்துகள் என்பது அதன் சாரம். 9-ஆம் தேதி இன்னொரு அறிக்கை: கைது செய்தாலும் கவலையில்லை என்கிற தொனியில்.

'ஏறக்குறைய தேசத்துரோகம்' என்ற அந்த ஒரு தொடர்தான் வழக்கை வரவழைத்தது. கொள்கையை மட்டும் சாடியிருந்தால் இன்னொரு மாற்றல் உத்தரவோடு போயிருக்கும் என்பது எங்கள் கணிப்பு.

அந்த இரண்டு விபத்துகள் பற்றி அவர் சொன்னது சரியா?
– நெய்வேலி வாசகர்

பாதி சரி, பாதி அவசரம்.

ஷெனன்டோவா விஷயத்தில் அவர் கையில் சரக்கு இருந்தது. மத்திய மேற்கு மாநிலங்களில் நடக்கும் கண்காட்சிகளின் மேல் பறந்து மக்களுக்குக் காட்டுவதற்காக அந்தப் பயணம் ஏற்பாடானது. அந்தப் பருவத்தில் இடிப்புயல் வரும், தள்ளிப்போடுங்கள் என்று லான்ஸ்டவுன் முன்பே கேட்டிருந்தார். இன்னொன்று, வால்வுகள். வான்கப்பல் உயரே போகப் போக வெளிக்காற்றின் அழுத்தம் குறையும், பைகளுக்குள் இருக்கும் ஹீலியம் விரியும். தானியங்கி வால்வுகள் அதை வெளியே விட வேண்டும். ஹீலியம் அன்று பொன் விலை. வீணாகாமல் இருக்க அந்த வால்வுகளை 18-லிருந்து 8 ஆகக் குறைத்திருந்தார்கள். புயலின் மேலெழும் காற்று கப்பலை வேகமாகத் தூக்கியபோது, வாயு வெளியேற வழி போதவில்லை, பைகள் உப்பிச் சட்டத்தை நெருக்கின என்பது குற்றச்சாட்டு. கடற்படையின் விசாரணைக் குழுவோ வாயு அழுத்தத்தின் பங்கு விவாதத்துக்குரியது, கப்பலை முறித்தது முதன்மையாக வெளிக்காற்றின் சமமற்ற விசையே என்றது. நீண்ட குழல் ஒன்றின் முன்பாதியை ஒரு காற்று மேலே தூக்க, பின்பாதியை இன்னொன்று கீழே அழுத்தினால் நடு முறியும். பொறியியல் பார்வையில் இந்த விளக்கமே வலுவானது. ஆனால் அந்த வேளையில் கப்பலை அங்கே அனுப்பியது யார் என்ற கேள்விக்கு அதில் பதில் இல்லை.

பிஎன்-9 விஷயத்தில் மிட்செல் அவசரப்பட்டார். எரிபொருள் தீர்ந்து கடலில் இறங்கிய அந்த விமானத்தின் வானொலிக்கு மின்சாரம் தந்தது பறக்கும்போது காற்றில் சுழலும் ஜெனரேட்டர். மிதக்கும்போது அது சுழலாது. ஆகவே தேடுபவர்கள் பேசுவது கேட்டது, பதில் அனுப்ப முடியவில்லை. கீழ்இறக்கையின் துணியைக் கிழித்துப் பாய் கட்டி, சுமார் 700 கிலோமீட்டர் காற்றின் போக்கில் ஓடி, செப்டம்பர் 10 அன்று காவாய் தீவருகே ஐந்து பேரும் உயிரோடு கிடைத்தார்கள். அறிக்கை வந்து ஐந்தே நாள்.

பழைய போர்க்கப்பல் ஒன்றைக் குண்டு போட்டு மூழ்கடித்துக் காட்டினாராமே? எப்படி முடிந்தது?
– தூத்துக்குடி வாசகர்

1921 ஜூலை, வர்ஜீனியா கரையிலிருந்து வெகுதூரம் தள்ளிய கடல். இலக்கு, போரில் தோற்ற ஜெர்மனியிடமிருந்து பெற்ற கப்பல்கள். 13-ஆம் தேதி ஜி-102 என்ற நாசகாரிக் கப்பல், 18-ஆம் தேதி ஃபிராங்க்ஃபுர்ட் என்ற இலகு க்ரூசர், 20–21 தேதிகளில் ஆஸ்ட்ஃப்ரீஸ்லாண்ட். கடைசியாகச் சொன்னது ஏறத்தாழ 22,800 டன் போர்க்கப்பல். 1916-ல் பிரிட்டிஷ் கடற்படையுடன் நடந்த ஜட்லாந்து சண்டை முடிந்து திரும்பும் வழியில் கண்ணிவெடியில் மோதியும் துறைமுகம் வந்து சேர்ந்தது. அதை மூழ்கடிக்கவே முடியாது என்று கடற்படையில் பலர் நம்பினார்கள்.

முதல் நாள் 230 பவுண்டு, 550 பவுண்டு, 600 பவுண்டு குண்டுகள். பவுண்டைப் பாதியாக்கிக் கொஞ்சம் குறைத்துக்கொண்டால் கிலோ. மேல்தளத்தில் பல விழுந்தன. கப்பல் நின்றது. மறுநாள் காலை சுமார் 450 கிலோ குண்டுகள். அப்போதும் நின்றது. நண்பகலில் மார்ட்டின், ஹேண்ட்லி பேஜ் ரக விமானங்கள், இந்தச் சோதனைக்கென்றே செய்த 2,000 பவுண்டு குண்டுகளுடன் வந்தன. ஒவ்வொன்றும் சுமார் 900 கிலோ. முதல் குண்டு விழுந்து இருபது நிமிடச் சொச்சத்தில் கப்பல் கவிழ்ந்து பின்பக்கமாக அமிழ்ந்தது.

விஷயம் இங்கேதான் இருக்கிறது. 'கப்பலின் மேல் போடாதீர்கள், பக்கத்தில் தண்ணீரில் போடுங்கள்' என்பதே விமானிகளுக்கு மிட்செல் தந்த உத்தரவு. மேல்தளம் கவசம். அங்கே வெடித்தால் விசையின் பெரும்பகுதி காற்றில் போய்விடும். தண்ணீரை அமுக்க முடியாது. எனவே நீருக்கடியில் வெடிக்கும் குண்டின் அதிர்ச்சி அலை கப்பலின் அடிப்பக்கத்தை அப்படியே அறையும். கவசப் பட்டை நீர்மட்டத்துக்குச் சற்றுக் கீழேயே முடிந்துவிடுகிறது. அதற்குக் கீழே இருப்பது ரிவெட் அடித்து இணைத்த தகடுகள். அதிர்ச்சியில் ரிவெட்டுகள் தெறித்து, இணைப்புகள் விரிந்து, நீர் உள்ளே வரும். இதற்குக் குண்டின் ஃப்யூஸ் (வெடிதூண்டி) தாமதமாக வெடிப்பதாக இருக்க வேண்டும். நீர்ப்பரப்பைத் தொட்டவுடன் வெடித்தால் வேடிக்கையாகத் தண்ணீர் எழும்பும், அவ்வளவுதான். அதே சமயம், மிக ஆழத்தில் வெடித்தாலும், கப்பலிலிருந்து எட்டத்தில் வெடித்தாலும் பயன் குறைவு.

கண்ணெதிரே கப்பல் மூழ்கியது. அப்புறமும் கடற்படை ஏன் ஒப்புக்கொள்ளவில்லை? வெறும் பிடிவாதமா?
– தாம்பரம் வாசகர்

பிடிவாதம் உண்டு. நியாயமும் உண்டு, அதைச் சொல்லாமல் விடுவது மோசடி.

ஆஸ்ட்ஃப்ரீஸ்லாண்ட் நங்கூரமிட்டு நின்ற கப்பல். ஓடி விலகவில்லை, திருப்பிச் சுடவில்லை. உள்ளே ஆள் இல்லை. நீர் புகுந்தால் கதவை அடைக்க, பம்பு ஓட்ட, சாய்வைச் சரிசெய்ய எதிர்ப்பக்க அறையில் நீர் நிரப்ப, ஒருவரும் இல்லை. முதல் நாள் புகுந்த நீர் இரவெல்லாம் உள்ளேயே இருந்தது. போதாக்குறைக்கு, பெரிய குண்டு பட்டதும் நிறுத்தி நிபுணர்கள் ஏறிச் சேதத்தை அளக்க வேண்டும் என்பது ஒப்பந்தம். மிட்செலின் விமானங்கள் அந்த இடைவெளியே தராமல் அடுத்தடுத்துப் போட்டு முடித்துவிட்டன. கடற்படைக்குத் தேவைப்பட்டது அளவீடு, மிட்செலுக்குத் தேவைப்பட்டது பத்திரிகையின் முதல் பக்கம். இரண்டும் ஒரே சோதனையில் கிடைக்காது. ஜெனரல் பெர்ஷிங் தலைமையிலான தரைப்படை–கடற்படைக் கூட்டு வாரியம், போர்க்கப்பலே இன்னமும் கடற்படையின் முதுகெலும்பு என்று எழுதியது.

1924 நவம்பரில் எதிர்ச்சாட்சியும் கிடைத்தது. கட்டி முடிக்காத வாஷிங்டன் என்ற போர்க்கப்பலின் உடல் பகுதியைக் குண்டுகளாலும் டார்பிடோவாலும் தாக்கிப் பார்த்தார்கள். மூழ்கவில்லை. கடைசியில் டெக்சாஸ் கப்பலின் 14 அங்குலப் பீரங்கிதான் அதை மூழ்கடித்தது. நீருக்கடியில் பல அடுக்கு அறைகள் வைத்துக் கட்டிய புதிய உடல் அது. மிட்செல் மூழ்கடித்தது போருக்கு முந்தைய வடிவமைப்பு.

'ஒரு போர்க்கப்பலின் விலைக்கு ஆயிரம் குண்டுவீச்சு விமானங்கள் வாங்கலாம்' என்ற அவருடைய கணக்கும் அரைகுறைதான். விமானத்தோடு செலவு முடிவதில்லை. ஓடுதளம், பட்டறை, உதிரிப் பாகம், விமானிக்குப் பயிற்சி, சில ஆண்டுகளில் விமானமே பழசாகி மாற்றும் செலவு இதிலெல்லாம் சேரவில்லை.

கோர்ட் மார்ஷல் எப்படி நடந்தது? நீதிபதிகள் யார்? வழக்கறிஞர் வைத்துக்கொள்ள முடியுமா?
– திருநெல்வேலி வாசகர்

1925 அக்டோபர் 28-ல், வாஷிங்டனில் எமரி கட்டடம் என்ற பழைய கட்டடத்தில் தொடங்கியது. வழக்கை நடத்தும்படி உத்தரவிட்டவர் குடியரசுத் தலைவர் கூலிட்ஜ். பிற்பாடு தண்டனையை உறுதி செய்ய வேண்டியவரும் அவரே. இந்தச் சிக்கலை மனத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

அன்றைய போர் விதிகளின்படி (அமெரிக்கத் தரைப்படையின் ராணுவச் சட்டத்துக்கு அதுதான் பெயர்) பொது கோர்ட் மார்ஷலுக்குக் குறைந்தது ஐந்து அதிகாரிகள் போதும். இங்கே பன்னிரண்டு ஜெனரல்களும் சட்ட உறுப்பினராகக் கர்னல் விங்ஷிப்பும் நியமிக்கப்பட்டார்கள். குற்றம் சாட்டப்பட்டவர் உறுப்பினரை ஆட்சேபிக்கலாம். காரணம் காட்டி எத்தனை பேரையும் ஆட்சேபிக்கலாம், காரணமே சொல்லாமல் ஒருவரை நீக்கலாம். தலைவராக உட்கார்ந்த ஜெனரல் சம்மரால் முதலில் போனார். ஹவாயில் அவருடைய பாதுகாப்பு ஏற்பாட்டை மிட்செல் முன்பு அறிக்கையில் கிழித்திருந்தார், அவரே தீர்ப்புச் சொல்வது எப்படி? தனி விமானப் படைக்கு எதிராகப் பேசியிருந்த ஜெனரல் பௌலி அடுத்து போனார். காரணம் சொல்லாத ஆட்சேபத்தில் ஜெனரல் ஸ்லேடன். மிஞ்சிய ஒன்பது ஜெனரல்களுக்கு ஹௌஸ் தலைவர். ஒன்பதில் ஒருவர்கூட விமானி இல்லை. அதைத் தடுக்க விதியிலும் இடமில்லை, ஏனென்றால் அந்தப் பதவி உயரத்தில் விமானிகளே கிட்டத்தட்ட கிடையாது.

வழக்கறிஞர் உண்டு. படை தரும் அதிகாரி கர்னல் ஒயிட், வெளியாள் இலினாய் மாநிலத்திலிருந்து அமெரிக்க நாடாளுமன்றத்துக்குத் தேர்வான உறுப்பினர் ஃபிராங்க் ரீட். அரசுத் தரப்பில் கர்னல் மோர்லண்ட், பின்னால் மேஜர் கலியன். குறுக்கு விசாரணையில் கலியன்தான் கூர்மை. முடிவுரையில் மிட்செலைக் கூட்டத்தைக் கிளப்பிவிடும் பேச்சாளர் என்று சாடி, படையிலிருந்தே நீக்கச் சொன்னார்.

சாட்சிகளாக விமானப் பிரிவு அதிகாரிகள் அர்னால்டு, ஸ்பாட்ஸ், போர் வீரர் ரிக்கன்பாக்கர், பிற்பாடு நியூயார்க் மேயரான லா கார்டியா எல்லாம் வந்தார்கள். அதிகம் பேசப்பட்டது லான்ஸ்டவுனின் மனைவி சாட்சி. கடற்படை விசாரணையில் என்ன சொல்ல வேண்டும் என்று தனக்கு எழுதிக் கொடுக்கப்பட்டது, அது பொய் என்றார். அரசுத் தரப்பு அன்று தலை குனிந்தது.

குற்றவாளி என்று சொல்ல மூன்றில் இரண்டு பங்கு வாக்கு போதும். ரகசியச் சீட்டு. எத்தனைக்கு எத்தனை என்று அறிவிக்க மாட்டார்கள். டிசம்பர் 17-ல் எல்லாக் குற்றச்சாட்டுகளிலும் குற்றவாளி என்று தீர்ப்பு.

சொன்னதெல்லாம் உண்மை என்று நிரூபித்தால் விடுதலை கிடைத்திருக்காதா?
– புதுச்சேரி வாசகர்

இந்த வழக்கின் முடிச்சே இது. அநேகம் பேர் இதைக் கோட்டைவிட்டு, 'விமானமா கப்பலா என்று தீர்ப்புச் சொன்ன வழக்கு' என்று எழுதிவிடுகிறார்கள்.

குற்றச்சாட்டு போர் விதிகளின் 96-ஆம் பிரிவில். படையின் ஒழுங்குக்கும் கட்டுப்பாட்டுக்கும் கேடு, படைக்கு அவப்பெயர் தரும் நடத்தை ஆகியவற்றுக்கான பொதுப் பிரிவு. தனிப் பிரிவில் அடங்காத எல்லாவற்றையும் அள்ளிப் போடும் கூடை என்று வைத்துக்கொள்ளுங்கள். இரண்டு அறிக்கைகளுக்கும் சேர்த்து எட்டு உட்குற்றங்கள்: ஒழுங்கைக் கெடுத்தது, கீழ்ப்படியாமை, போர்த்துறையை அவமதித்தது, கடற்படைத்துறையை அவமதித்தது என்ற வகையில்.

இதை நிரூபிக்க அரசுக்குத் தேவை இரண்டே விஷயம். அறிக்கையைக் கொடுத்தது இவர்தானா? அதன் சொற்கள் ஒழுங்கைக் கெடுப்பவையா? முதலாவதை மிட்செல் மறுக்கவே இல்லை, கையால் கொடுத்தவர். இரண்டாவது, படித்துப் பார்த்தாலே தெரியும். உண்மையா பொய்யா என்பது குற்றத்தைத் துடைக்காது, தண்டனையைக் குறைக்க வேண்டுமானால் உதவும் என்பதே அரசின் நிலை. சட்டத்தின்படி அதில் தவறில்லை. 62-ஆம் பிரிவு என்று ஒன்று இருந்தது. குடியரசுத் தலைவரையும் போர்த்துறைச் செயலரையும் அவமதித்துப் பேசினால் அதில் வரும். மிட்செல் சாடியது துறைகளை. அதற்கு 96 தோதாக இருந்தது.

ரீட் வேறு வழியில் போனார். பேச்சுரிமை என்றார், பிறகு ஒவ்வொரு குற்றச்சாட்டையும் உண்மை என்று நிறுவச் சாட்சிகளை வரிசையாக நிறுத்தினார். ஏழு வாரம் செய்தித்தாள்களில் விமானப் படையின் நிலைமை ஓடியது. வழக்கைத் தோற்று, விவாதத்தை நடத்திக்கொள்வது என்ற முடிவோடுதான் அவர்கள் போனார்கள் என்று நினைக்க இடமிருக்கிறது. குறுக்கு விசாரணை அதற்கான விலை. எது தகவல், எது உங்கள் அபிப்பிராயம் என்று கலியன் பிரித்துப் பிரித்துக் கேட்டபோது மிட்செல் பல இடங்களில் அபிப்பிராயம் என்று ஒப்ப வேண்டிவந்தது.

மெக்கார்தர் அந்த அமர்வில் இருந்தாராமே, எப்படி வாக்களித்தார்?
– மதுரை வாசகர்

இருந்தார். பிற்பாடு இரண்டாம் உலகப் போரில் பசிபிக் களத்தில் தளபதியான இந்த ஜெனரல், அமர்வில் இருந்தவர்களில் இளையவர். மிட்செலின் குடும்பமும் அவர் குடும்பமும் மில்வாக்கியில் பழகியவர்கள். அந்த அமர்வில் உட்காரச் சொன்னது தனக்கு மிகவும் கசப்பான உத்தரவுகளில் ஒன்று என்றும், தன்னால் ஆனதை மிட்செலுக்காகச் செய்ததாகவும் பிற்காலத்தில் எழுதினார். வாக்கு ரகசியம். அதற்கு மேல் சொல்வதெல்லாம் கதை.

தண்டனை என்ன? சிறையா?
– ஈரோடு வாசகர்

சிறை இல்லை. ஐந்து ஆண்டுகள் பதவி, அதிகாரம், பணி மூன்றிலிருந்தும் இடைநீக்கம், அந்தக் காலம் முழுக்கச் சம்பளமும் படிகளும் கிடையாது. உலகப் போரில் அவர் ஆற்றிய பணியைக் கருதியே இத்தனை இரக்கம் என்று நீதிமன்றமே எழுதியது. 1926 ஜனவரியில் கூலிட்ஜ் தீர்ப்பை உறுதிசெய்து, பாதிச் சம்பளத்தையும் படிகளையும் தர உத்தரவிட்டார்.

இரக்கம் போலத் தெரியும். கவனியுங்கள்: இடைநீக்கத்தில் இருப்பவர் இன்னமும் படையாள். படைச் சட்டம் அவரைக் கட்டும். ஐந்து வருடம் வேலையும் இல்லை, வாயும் திறக்கக் கூடாது. மிட்செல் பிப்ரவரி 1 முதல் ராஜினாமா செய்தார். பிறகு ஊர் ஊராகப் பேசினார், எழுதினார். 1936 பிப்ரவரி 19-ல் நியூயார்க்கில் இறந்தார்.

பேர்ல் ஹார்பர் தாக்குதலை நேரத்தோடு முன்கூட்டியே சொன்னார் என்கிறார்களே?
– நாகர்கோவில் வாசகர்

1923–24-ல் பசிபிக், ஆசியா சுற்றிவந்து முந்நூறு பக்கத்துக்கு மேல் அறிக்கை எழுதினார். (அந்தப் பயணத்தில் இந்தியாவுக்கும் வந்து புலி வேட்டை ஆடினார்.) ஜப்பான் காலை 7.30-க்குப் பேர்ல் ஹார்பரின் ஃபோர்டு தீவைத் தாக்கும், பிலிப்பைன்ஸின் கிளார்க் விமானத்தளத்தை 10.40-க்குத் தாக்கும் என்று அதில் இருக்கிறது. 1941 டிசம்பர் 7-ல் தாக்குதல் தொடங்கியது 7.55-க்கு. கிளார்க் தளம் அதே நாள், அங்கே நண்பகல் தாண்டித் தாக்கப்பட்டது. இடமும் வேளையும் மலைக்க வைக்கின்றன.

பகிரப்படும் பதிவுகளில் விடுபடுவது, தாக்குதல் வரும் வழி. ஜப்பான் ஹவாய்த் தீவுக்கூட்டத்தின் நீஹாவ் தீவைப் பிடித்து, அங்கே விமானங்களை இறக்கி, அங்கிருந்து தாக்கும் என்பது மிட்செல் வரைந்த திட்டம். உண்மையில் வந்தவை ஆறு விமானந்தாங்கிக் கப்பல்கள். அந்த வகைக் கப்பலை மிட்செல் மதிக்கவே இல்லை. கடலில் மிதக்கும் ஓடுதளத்தில் போதுமான விமானங்களை இறக்கி ஏற்ற முடியாது, கரையிலிருந்து பறக்கும் பெரிய விமானம் போதும் என்று கருதினார். உயரத்திலிருந்து குண்டு போட்டு ஓடும் கப்பலை அடிக்கலாம் என்ற நம்பிக்கையும் பொய்த்தது. 1942 மிட்வே சண்டையில் பி-17 குண்டுவீச்சு விமானங்கள் உயரத்திலிருந்து போட்ட குண்டில் ஒன்றுகூட ஜப்பானிய விமானந்தாங்கிகள் மேல் படவில்லை. அவற்றை முடித்தவை கடற்படையின் செங்குத்துப் பாய்ச்சல் விமானங்கள், அதுவும் விமானந்தாங்கிகளிலிருந்தே வந்தவை. மிட்செலின் பெயர் சூட்டப்பட்ட பி-25 குண்டுவீச்சு விமானங்கள் 16, அதே ஆண்டு ஏப்ரல் 18-ல் டோக்கியோவைத் தாக்கப் புறப்பட்டதும் ஹார்னெட் என்ற விமானந்தாங்கியிலிருந்துதான்.

எங்கள் ஊர்க் கடலில் மூழ்கிய 'பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ்' மிட்செல் கட்சியை நிரூபித்ததாகச் சொல்லலாமா?
– குவாந்தான் வாசகர், மலேசியா

மற்ற எதையும்விட அதிகமாக. 1941 டிசம்பர் 10. பிரின்ஸ் ஆஃப் வேல்ஸ், ரிபல்ஸ் இரண்டும் ஓடிக்கொண்டிருந்த பிரிட்டிஷ் போர்க்கப்பல்கள், ஆள் நிறைந்தவை, சுட்டுக்கொண்டே இருந்தவை. நங்கூரமிட்ட ஜெர்மன் கப்பலைக் காட்டிச் சொன்ன மறுப்புகள் எதுவும் இங்கே செல்லாது. இந்தோசீனத்தின் தரைத்தளங்களிலிருந்து வந்த ஜப்பானிய விமானங்கள் சில மணி நேரத்தில் இரண்டையும் மூழ்கடித்தன. 840 பேர் இறந்தனர். ஜப்பான் அங்கே இழந்தது மூன்று விமானங்கள்தான் என்பது வழக்கமான கணக்கு.

எது கொன்றது என்று பாருங்கள். மேலே விழுந்த குண்டில்லை, பக்கத்தில் நீருக்கடியில் மோதிய டார்பிடோ. ஒன்று இடப்புற வெளி உந்துதண்டைத் தாக்கியது. தண்டு வளைந்தபடியே சுழன்று அடிப்பகுதியைப் பிளந்தது. நீர் புகுந்தது, மின்சாரம் போனது. மின்சாரம் போனதும் விமான எதிர்ப்புப் பீரங்கி திரும்பவில்லை, பம்பு ஓடவில்லை. ஒரே அடியில் பாதுகாப்பும் பழுதுநீக்கமும் சேர்ந்து போயின. நீர்மட்டத்துக்குக் கீழேதான் கப்பலின் உயிர் என்பதை மிட்செல் இருபது ஆண்டு முன்பே பிடித்திருந்தார். எந்த ஆயுதம் என்பதில் தவறினார். கூட வர வேண்டிய விமானந்தாங்கி இண்டாமிடபிள் ஜமைக்காவில் தரைதட்டிப் பழுதானதால், தலைக்கு மேல் காவலே இல்லாமல் அந்தக் கப்பல்கள் போயின. கடற்கரை மேல் பறந்து காக்கவேண்டிய போர் விமானங்கள் வந்து சேர்ந்தபோது காரியம் முடிந்திருந்தது.

பிறகாவது தீர்ப்பை ரத்து செய்தார்களா?
– தஞ்சை வாசகர்

இல்லை. 1946-ல் அமெரிக்க நாடாளுமன்றம் அவருக்கெனத் தனிப் பதக்கம் வழங்கியது. இதை 'மெடல் ஆஃப் ஆனர்' என்று எழுதுவது தவறு, அது வேறு. 1947-ல் விமானப் படை தனிப் படையானது. 1957-ல் மகன் மனுச் செய்தார். ஆவணங்களைத் திருத்தும் வாரியம் ரத்து செய்யலாம் என்றது. 1958-ல் விமானப் படைச் செயலர் டக்ளஸ் மறுத்துவிட்டார். மிட்செலின் பார்வை சரி என்பது காலத்தில் நிரூபணமானது, ஆனால் 1925-ல் அவர் பேசிய விதம் படை அதிகாரிக்கு ஏற்றதா என்ற கேள்வியை அது மாற்றாது என்பது அவர் வாதம். விமானப் படையின் செயலரே இப்படிச் சொன்னதில் ஆச்சரியமில்லை. நாளை தன் கீழிருக்கும் கர்னல் ஒருவர் நிருபர்களைக் கூப்பிட்டால்?

அந்த நாள் வேறு வேஷத்தில் முன்பே வந்துமிருந்தது. 1949-ல் விமானப் படையின் பி-36 குண்டுவீச்சு விமானத்துக்கே எல்லாப் பணமும் போகிறது என்று கடற்படைக் கேப்டன் கிராமலின் பத்திரிகைகளிடம் பொங்கினார். இப்போது மேலிடக் கொள்கை விமானம், கலகக்காரர் மாலுமி. அவரை கோர்ட் மார்ஷலில் நிறுத்தவில்லை, பாதிச் சம்பள விடுப்பில் அனுப்பினார்கள். மறு ஆண்டு ஓய்வு பெற்றார்.

மிட்செல் வேறு எப்படிச் சொல்லியிருக்கலாம்? பேசாமல் இருந்தால் எதுவும் மாறாதே?
– ஓசூர் வாசகர்

மூன்று வழிகள் திறந்திருந்தன. நாடாளுமன்றக் குழு முன் சாட்சி: அங்கே எவ்வளவு காரமாகப் பேசினாலும் வழக்குப் போடவில்லை, பதவி நீட்டிப்புதான் போனது. மேலதிகாரி வழியாகக் கோரிக்கை: விமானப் பிரிவின் தலைவர் ஜெனரல் பேட்ரிக் அதைச் செய்தார். பொறியாளர் படையிலிருந்து வந்தவர், 59 வயதில் விமானி உரிமம் பெற்றவர். கடற்படைக்குள் மரைன் படை போல, தரைப்படைக்குள் விமானப் படைக்குத் தனி அந்தஸ்து என்று எழுதிக்கொடுத்தார். விமானக் கொள்கையை ஆராயக் கூலிட்ஜ் அமைத்த மாரோ குழு தனிப் படையை மறுத்து, தீர்ப்புக்கு முன்பே அறிக்கையும் தந்துவிட்டது. அதையொட்டி 1926 ஜூலை 2-ல் விமானப் பிரிவு 'ஏர் கோர்' ஆகி, ஐந்தாண்டு விரிவாக்கத் திட்டமும் போர்த்துறையில் விமானத்துக்கென உதவிச் செயலரும் கிடைத்தார்கள். மிட்செல் கேட்டதில் கால்பங்கு, பேட்ரிக் கேட்டதில் பாதி. மூன்றாவது வழி, முதலில் ராஜினாமா, பிறகு அறிக்கை. மிட்செல் வரிசையை மாற்றிச் செய்தார்.

மாற்றிச் செய்ததால்தான் நாடே கேட்டது என்ற வாதத்தையும் நாங்கள் தள்ளிவிட மாட்டோம். ராஜினாமா செய்த கர்னலின் பேச்சு ஒருநாள் செய்தி, விசாரிக்கப்படும் கர்னலின் பேச்சு ஏழு வாரச் செய்தி. அர்னால்டு இரண்டுக்கும் நடுவே நடந்தவர். 1926-ல் மிட்செல் கட்சிக்கு ஆதரவான காகிதங்களை அலுவலகத்திலிருந்து ரகசியமாக அனுப்பியதற்காகக் கண்டிக்கப்பட்டு கான்சாஸின் குதிரைப்படை முகாமுக்குப் போனார். வாயை மூடிக்கொண்டு படையிலேயே இருந்தார். இரண்டாம் உலகப் போரில் அமெரிக்க ராணுவ விமானங்கள் முழுவதற்கும் அவர்தான் தலைவர்.

நம் நாட்டுப் படை அதிகாரி இப்படிப் பேசினால்?
– வேலூர் வாசகர்

1950-ஆம் ஆண்டு ராணுவச் சட்டத்தின் 63-ஆம் பிரிவு, அமெரிக்காவின் 96-க்கு உறவு. இரண்டுக்கும் பாட்டன் பிரிட்டிஷ் போர் விதிகள். ஒழுங்குக்கும் கட்டுப்பாட்டுக்கும் கேடான செயலுக்கு ஏழு ஆண்டு வரை சிறை. அதற்கு முன்பே 21-ஆம் பிரிவும், 1954 ராணுவ விதிகளின் 21-ஆம் விதியும் வந்து நிற்கும்: அரசியல் விஷயமோ படை சார்ந்த விஷயமோ, கட்டுரை, நூல், பேட்டி எந்த வடிவிலும் முன் அனுமதி இல்லாமல் வெளியிடக் கூடாது. எனவே சொன்னது உண்மையா என்ற கேள்விக்கே வழக்கு போகாது, அனுமதி வாங்கினாயா என்பதோடு நிற்கும்.

பொது கோர்ட் மார்ஷலுக்குக் குறைந்தது ஐந்து அதிகாரிகள், ஒவ்வொருவரும் கமிஷன் (அதிகாரிப் பணி நியமனம்) பெற்று மூன்று ஆண்டாவது ஆனவர், நால்வராவது கேப்டன் பதவிக்குக் குறையாதவர். தீர்ப்பும் தண்டனையும் மேலதிகாரி உறுதிசெய்யும்வரை செல்லாது. மிட்செல் காலத்தில் அமெரிக்காவில் இல்லாத ஒன்று இங்கே இப்போது உண்டு: 2007-ஆம் ஆண்டுச் சட்டப்படி அமைந்த ஆயுதப் படைகள் தீர்ப்பாயத்தில் மேல்முறையீடு செய்யலாம். அதன் அமர்வு ஒன்று சென்னையிலும் இருக்கிறது.

தனக்கே அநீதி நடந்ததாகக் கருதும் அதிகாரி 27-ஆம் பிரிவின்படி மத்திய அரசு வரை புகார் அனுப்பலாம். கொள்கை தவறு என்று சொல்ல அந்தப் பிரிவு உதவாது. அதற்குப் படைக்குள் சுற்றும் ஆய்விதழ்களும் பயிற்சிக் கல்லூரிகளும் இருக்கின்றன, அவற்றில் எழுதும் அதிகாரிகளும் இருக்கிறார்கள்.